அமெரிக்க நகைச்சுவைச் சிறுகதைகளின் மறுபதிப்புகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மார்க் ட்வெய்ன், ஓ. ஹென்றி, எல்லிஸ் பார்க்கர் பட்லர் போன்றோரின் நகைச்சுவைக் கதைகள் நூறாண்டுகளுக்கும் மேலாகத் திரும்பத் திரும்ப அச்சேறி வருகின்றன. எந்தப் பதிப்பை வாங்கலாம், எதை நம்பிப் படிக்கலாம், எவற்றைத் தமிழாக்க உரிமை உண்டு என்று நண்பர்கள் கேட்பதுண்டு. இக்கதைகளைப் பல பதிப்புகளில் ஒப்பிட்டுப் படித்தவன், சிலவற்றைத் தமிழாக்க முயன்றவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்த விடைகளை இங்கே எழுதுகிறேன்.

எந்தக் கதைகளைச் செவ்வியல் அமெரிக்க நகைச்சுவைக் கதைகள் என்கிறோம்?

கறாரான எல்லைக்கோடு எதுவும் இல்லை. ஏறத்தாழ 1830களிலிருந்து 1930களின் முடிவு வரை அமெரிக்கப் பத்திரிகைகளில் வெளிவந்து, இன்றும் படிக்கப்படுகிற கதைகளை இப்பெயரால் குறிப்பிடலாம். தாமஸ் பேங்ஸ் தார்ப் 1841இல் எழுதிய ‘தி பிக் பேர் ஆஃப் ஆர்கன்சா’, மார்க் ட்வெய்ன் 1865இல் எழுதிய தவளைக் கதை, பட்லரின் ‘பிக்ஸ் இஸ் பிக்ஸ்’ (1905), ஓ. ஹென்றியின் ‘தி ரான்சம் ஆஃப் ரெட் சீஃப்’ (1907), ரிங் லார்ட்னரின் ‘ஹேர்கட்’ (1925), ஜேம்ஸ் தர்பரின் ‘தி சீக்ரெட் லைஃப் ஆஃப் வால்டர் மிட்டி’ (1939) ஆகியவை எந்தப் பட்டியலிலும் இடம்பெறத் தக்கவை.

இவற்றுள் பலவற்றை இணைப்பது பேச்சுக் குரல். ‘ஹேர்கட்’ கதை முழுவதும் ஒரு சிற்றூர் முடிதிருத்துநர் நாற்காலியில் அமர்ந்திருக்கும் வாடிக்கையாளரிடம் பேசிக்கொண்டே போவதுதான். தாம் சிரிப்புக்காகச் சொல்லும் சம்பவங்களுக்குள் ஒரு கொடுமையும் ஒரு கொலையும் ஒளிந்திருப்பது அவருக்கே புலப்படுவதில்லை. மார்க் ட்வெய்ன் 1895இல் எழுதிய ஒரு கட்டுரையில், அமெரிக்க நகைச்சுவைக் கதை எதைச் சொல்கிறது என்பதைக் காட்டிலும் எப்படிச் சொல்கிறது என்பதை நம்பியே நிற்கிறது என்று விளக்கினார். மறுபதிப்புகளைப் பற்றிய என் கருத்துகள் எல்லாம் இந்த ஓர் உண்மையிலிருந்து பிறந்தவையே.

கதை ஒன்றுதானே? எந்தப் பதிப்பில் படித்தால் என்ன?

கதை ஒன்றாக இருக்கலாம். வாசகம் ஒன்றாக இருப்பதில்லை. தவளைக் கதையையே எடுத்துக்கொள்வோம்.

அது 1865 நவம்பர் 18ஆம் நாள் நியூயார்க்கின் ‘சாட்டர்டே பிரஸ்’ இதழில் ‘ஜிம் ஸ்மைலியும் அவனது தாவும் தவளையும்’ என்ற பொருள்படும் தலைப்பில் முதலில் வெளிவந்தது. அதில் கதை நடக்கும் சுரங்கக் குடியிருப்பின் பெயர் பூமராங். அடுத்த மாதமே ‘கலிபோர்னியன்’ இதழ் அதை மறுபிரசுரம் செய்தபோது, தலைப்பு இன்று நாம் அறிந்த ‘காலவெராஸ் கவுண்டியின் புகழ்பெற்ற தாவும் தவளை’ என்பதாக மாறியது. ஊர் ஏஞ்சல்ஸ் கேம்ப் ஆயிற்று. ஸ்மைலி என்ற பெயர்கூட அங்கே கிரீலி என்று மாறியது. 1867இல் ட்வெய்னின் முதல் புத்தகமாக இக்கதை வேறு சிறு ஆக்கங்களோடு சேர்ந்து வந்தபோது அவர் ஊரில் இல்லை. அச்சுப்படியைத் திருத்தவும் இல்லை. தவளைக் கதையில் இலக்கணப் பிழைகளும் எழுத்துக்கூட்டல் முரண்களும் மலிந்துவிட்டதாக அவர் எழுத்தாளர் பிரெட் ஹார்ட்டுக்கு எழுதிய கடிதத்தில் கடுமையாக வருந்தினார்.

கொச்சைப் பேச்சில் எழுதிய கதையில் எழுத்துக்கூட்டல் முரண்பட்டால் என்ன கெட்டுவிடும் என்று தோன்றலாம். கெட்டுத்தான் போகும். கதையைச் சொல்லும் கிழவர் சைமன் வீலர் சிரிப்பதில்லை, முகம் சுளிப்பதில்லை, குரலை ஏற்றி இறக்குவதும் இல்லை. அவருடைய பேச்சு ஒரே ஓட்டமாக, தமக்கே உரிய ஒழுங்கில் போய்க்கொண்டிருக்கும். ஓரிடத்தில் ஒரு சொல்லைக் கொச்சையாகவும் அடுத்த வரியில் அதையே திருத்தமாகவும் அச்சிட்டால், வாசகரின் காதில் ஒலித்துக்கொண்டிருந்த மனிதர் மறைந்துவிடுகிறார். பத்திரிகை, 1867ஆம் ஆண்டு நூல், பின்னர் வந்த திருத்தங்கள் ஆகியவற்றுள் எதைப் பின்பற்றியிருக்கிறோம் என்று சொல்லும் பதிப்பாசிரியரை நான் மதிப்பது இதனால்தான்.

தொடக்க வாசகருக்கு ஏற்ற தொகுப்பு எது?

அலெக்சாண்டர் ஜெசப் தொகுத்து 1920இல் ‘மாடர்ன் லைப்ரரி’ வரிசையில் வெளிவந்த ‘தி பெஸ்ட் அமெரிக்கன் ஹ்யூமரஸ் ஷார்ட் ஸ்டோரீஸ்’ நல்ல தொடக்கம். பதினெட்டுக் கதைகள் உள்ளன. 1839ஆம் ஆண்டுக் கதையில் தொடங்கி 1914ஆம் ஆண்டுக் கதையில் முடிவதால், அமெரிக்கச் சிரிப்பு எப்படி மாறிவந்தது என்பதை ஒரே நூலில் காண முடிகிறது. எட்கர் ஆலன் போவின் நகைச்சுவைக் கதை ஒன்றும் இதில் உண்டு. அவரைத் திகில் கதைகளின் வழியாக மட்டும் அறிந்தவர்களுக்கு அது வியப்பைத் தரும்.

ஆயினும் இத்தொகுப்பு மட்டும் போதாது. ஓ. ஹென்றியின் பங்காக ‘தி டூப்ளிசிட்டி ஆஃப் ஹார்கிரேவ்ஸ்’ இருக்கிறதே தவிர ‘ரெட் சீஃப்’ இல்லை. பட்லரின் கதையும் இல்லை. காலத்தால் பிந்திய லார்ட்னர், தர்பர் ஆகியோர் இடம்பெறவும் வழியில்லை. ஒரே கதையோடு தொடங்க விரும்புகிறவருக்கு ‘பிக்ஸ் இஸ் பிக்ஸ்’ கதையைத்தான் நான் பரிந்துரைப்பேன்.

‘பிக்ஸ் இஸ் பிக்ஸ்’ என்பதே இலக்கணப் பிழை அல்லவா? இத்தகைய இடங்களைப் பதிப்பாளர் திருத்த வேண்டாமா?

திருத்தக் கூடாது. பன்மைக்கு ஒருமை வினை போட்டிருப்பது அச்சுப்பிழை அன்று. ஃபிளானரி என்ற ஐரிஷ் வம்சாவளிச் சரக்கு அலுவலரின் வாய்மொழி அது. மோர்ஹவுஸ் என்பவருக்கு இரண்டு கினிப் பன்றிகள் (பெயரில்தான் பன்றி, உண்மையில் கொறித்துண்ணும் சிறு பிராணிகள்) பார்சலில் வருகின்றன. வளர்ப்புப் பிராணி என்றால் ஒன்றுக்கு 25 சென்ட் கட்டணம். பன்றி என்றால் 30 சென்ட். பெயரிலேயே பன்றி இருப்பதால் பன்றிக் கட்டணம்தான் என்று ஃபிளானரி அடித்துச் சொல்கிறார். ஐந்து சென்ட் வேறுபாட்டுக்காக வழக்கு மேலிடத்துக்குப் போகிறது. துறைக்குத் துறை கடிதங்கள் பறக்கின்றன. தென் அமெரிக்காவில் ஆராய்ச்சியில் இருக்கும் ஒரு பேராசிரியரிடம் விளக்கம் கேட்கப்படுகிறது. அதற்குள் அலுவலகத்தில் கினிப் பன்றிகள் இனம்பெருக்கி அறையை நிறைத்துவிடுகின்றன. சட்டத்தின் சொல்லைப் பற்றிக்கொண்டு பொருளைக் கைவிட்ட ஒரு மனிதரின் பிடிவாதம் முழுவதும் அந்த ‘இஸ்’ என்ற ஒரு சொல்லில் அடங்கியிருக்கிறது. அதைத் திருத்தினால் ஃபிளானரி போய்விடுவார். இலக்கணம் மட்டுமே மிஞ்சும்.

மாணவர்களுக்கான சுருக்கப் பதிப்புகள் போதுமா?

கதைச் சுருக்கம் தெரிந்தால் போதும் என்றால் போதும். ஆனால் நகைச்சுவைக் கதையில் சுருக்குகிறவர் முதலில் வெட்டுவது சிரிப்பைத்தான் என்பது பல சுருக்கப் பதிப்புகளைப் பார்த்த பின் எனக்கு ஏற்பட்ட முடிவு.

‘ரெட் சீஃப்’ கதையில் இரண்டு ஏமாற்றுக்காரர்கள் ஊர்ப் பணக்காரரின் மகனைக் கடத்திச் சென்று 1500 டாலர் கேட்கிறார்கள். பையனின் அட்டகாசம் தாங்காமல், தந்தையிடமே 250 டாலர் கொடுத்து அவனைத் திருப்பி ஒப்படைக்கிறார்கள். இந்தச் சட்டகம் எந்தச் சுருக்கத்திலும் இருக்கும். ஆனால் கதையைச் சொல்லும் சாம், படித்தவன்போலப் பெரிய சொற்களைக் கையாண்டு அவற்றைத் தவறாகப் பயன்படுத்துகிறவன். கடத்தல் யோசனை தோன்றியது ஒரு நேர ‘மனப் பிறழ்வில்’ என்று சொல்ல வந்த கூட்டாளி பில், ‘அபெரேஷன்’ என்பதற்குப் பதிலாக ஆவியுருவைக் குறிக்கும் ‘அப்பரிஷன்’ என்ற சொல்லைப் போட்டதைச் சாம் அப்படியே எடுத்துச் சொல்கிறான். தட்டையான சமவெளியில் கிடக்கும் ஊருக்குச் சிகரம் என்று பொருள்படும் ‘சம்மிட்’ என்று பெயர். அதைச் சொல்லிவிட்டு ‘வேறென்ன பெயர் இருக்கும்’ என்பதுபோல் கடந்து செல்கிறான். எளிய ஆங்கிலமாக்குகிறவர் முதலாவதைச் சரிசெய்துவிடுவார், இரண்டாவதை விட்டுவிடுவார். எஞ்சுவது ஒரு குறும்புக்காரப் பையனைப் பற்றிய செய்தியே. மாணவருக்குக் கடினமாக இருக்கும் என்று அஞ்சினால், முழுக் கதையையும் கொடுத்து அடிக்குறிப்பு சேர்ப்பதே நேர்மையான வழி.

இக்கதைகள் முதலில் எப்படிப் பரவின?

மறுபதிப்பு என்பது இக்கதைகளுக்குப் பின்னாளில் நேர்ந்தது அன்று. அவை பிறந்த விதமே அதுதான். பத்திரிகை ஆசிரியர்கள் தங்கள் இதழ்களை ஒருவருக்கொருவர் அஞ்சல் கட்டணமின்றி அனுப்பிக்கொள்ள 1792ஆம் ஆண்டு அமெரிக்க அஞ்சல் சட்டம் வழிசெய்தது. வந்த இதழ்களிலிருந்து பிடித்தவற்றைக் கத்தரித்துத் தம் இதழில் போட்டுக்கொள்வது வழக்கமாயிற்று. தவளைக் கதை நாடு முழுவதும் பரவியது இவ்வழக்கத்தால்தான். அதனால் புகழ் கிடைத்ததே தவிர ட்வெய்னுக்குப் பணம் கிடைக்கவில்லை.

கடல் கடந்தும் இதுவே நடந்தது. வெளிநாட்டு எழுத்தாளருக்கு அமெரிக்காவில் பாதுகாப்புத் தரும் சட்டம் 1891இல்தான் வந்தது. அதற்கு முன், டிக்கன்ஸ் அமெரிக்காவில் அனுமதியின்றி அச்சிடப்பட்டதைப் போலவே ட்வெய்ன் இங்கிலாந்தில் அச்சிடப்பட்டார். லண்டனைச் சேர்ந்த ஜான் கேம்டன் ஹாட்டன் என்ற பதிப்பாளர் அனுமதி பெறாமல் ட்வெய்னின் ஆக்கங்களைத் தொகுத்து விற்றதோடு, அவர் எழுதாதவற்றையும் சேர்த்துக்கொண்டதாக ட்வெய்ன் 1872இல் ‘ஸ்பெக்டேட்டர்’ இதழுக்குக் கடிதம் எழுதிக் கண்டித்தார். பழைய பிரிட்டிஷ் பதிப்பை மூலமாகக் கொண்ட மறுபதிப்பைக் கையில் எடுக்கும்போது இந்த வரலாறு நினைவில் இருக்க வேண்டும்.

எந்தக் கதைகளுக்குப் பதிப்புரிமை முடிந்துவிட்டது?

நாட்டுக்கு நாடு விடை மாறும். அமெரிக்காவில், அக்காலத்தில் வெளியிடப்பட்ட படைப்புக்கு வெளியான ஆண்டிலிருந்து 95 ஆண்டுகள் முடியும்வரை உரிமை நீடிக்கலாம். ஒவ்வொரு ஜனவரி முதல் நாளும் ஓராண்டுப் படைப்புகள் பொதுவுடைமை ஆகின்றன. 1964க்கு முன் வெளிவந்தவற்றுக்கு 28ஆம் ஆண்டில் உரிமையைப் புதுப்பிக்க வேண்டியிருந்தது. புதுப்பிக்கத் தவறியவை முன்னரே உரிமை இழந்தன. இந்தியாவில் ஆசிரியர் இறந்த ஆண்டு முடிந்தபின் 60 ஆண்டுகள். இலங்கையில் 70 ஆண்டுகள்.

மார்க் ட்வெய்ன், ஓ. ஹென்றி இருவரும் 1910இல் இறந்தவர்கள்; அவர்கள் காலத்தில் வெளிவந்த கதைகளைப் பற்றி எங்கும் கவலை வேண்டாம். சிக்கல் தர்பரைப் போன்றவர்களிடம் வருகிறது. அவர் 1961இல் இறந்ததால் இந்தியாவில் அவர் எழுத்துக்கான காலம் 2021 முடிவில் நிறைவுற்றது. ஆனால் 1939ஆம் ஆண்டு ‘வால்டர் மிட்டி’ அமெரிக்காவில் 2034 முடிவு வரை பாதுகாப்பில் இருக்கிறது. இங்கே அச்சிட்டு இங்கே விற்பது வேறு. மின்னூலாக்கி உலகெங்கும் விற்பது வேறு.

இன்னொன்றையும் மறக்கலாகாது. கதை பொதுவுடைமை ஆகியிருந்தாலும், அதன் புதிய பதிப்புக்கு எழுதப்பட்ட முன்னுரை, குறிப்புகள், புதிய ஓவியங்கள் ஆகியவற்றுக்குத் தனி உரிமை உண்டு. ஒருவர் செய்த தமிழாக்கத்துக்கும் அப்படியே.

இணையத்தில் இலவசமாகக் கிடைப்பதைக் காசு கொடுத்து ஏன் வாங்க வேண்டும்?

எல்லாவற்றையும் வாங்க வேண்டியதில்லை. 1971இல் மைக்கேல் ஹார்ட் தொடங்கிய புராஜெக்ட் குட்டன்பெர்க்கில் ஜெசப்பின் தொகுப்பு முழுமையாகக் கிடைக்கிறது. அங்குள்ள நூல்கள் பலவற்றைத் தன்னார்வலர்கள் பக்கம் பக்கமாக மூலத்தோடு ஒப்பிட்டுத் திருத்தியிருக்கிறார்கள். விலைக்குக் கிடைக்கும் சில புத்தகங்களைவிட அவை திருத்தமானவை என்பதை நன்றியோடு சொல்ல வேண்டும். ஐயம் எழும் இடத்தில் இன்டர்நெட் ஆர்க்கைவ் தளத்தில் பழைய நூலின் பக்கப் படத்தையே பார்த்துக்கொள்ளலாம்.

விலை கொடுக்கத் தக்கவை மூலபாடத்தை ஆராய்ந்து வெளியிட்டவை. ‘லைப்ரரி ஆஃப் அமெரிக்கா’ என்ற இலாப நோக்கற்ற நிறுவனம் 1992இல் மார்க் ட்வெய்னின் கதைகளையும் சிறு ஆக்கங்களையும் கால வரிசையில் இரண்டு பெரிய தொகுதிகளாக வெளியிட்டது. தர்பர், லார்ட்னர், ஓ. ஹென்றி ஆகியோருக்கும் அதே வரிசையில் தொகுதிகள் உண்டு. விலை அதிகம், ஆனால் தாளும் கட்டுமானமும் ஒரு வாழ்நாள் தாங்கும். குறைந்த விலையில் முழு வாசகம் வேண்டுவோருக்கு டோவர் நிறுவனத்தின் மலிவுப் பதிப்புகள் போதும்.

வாங்கும் முன் மோசமான மறுபதிப்பை அடையாளம் காண்பது எப்படி?

கேட்ட பிறகு அச்சடித்துத் தரும் முறை வந்தபின், பழைய நூலைப் படமெடுத்து, கணினியை எழுத்துணரச் செய்து, ஒருவரும் படித்துப் பார்க்காமலே விற்பது எளிதாகிவிட்டது. ஆங்கிலத்தில் ‘ஆர்’, ‘என்’ என்ற இரண்டு எழுத்துகள் அருகருகே வந்தால் கணினி அவற்றை ‘எம்’ என்று படித்துவிடும்; ‘மாடர்ன்’ என்பது ‘மோடம்’ ஆகும், ‘கார்னர்’ என்பது ‘கமர்’ ஆகும். கொச்சைப் பேச்சில் எழுதிய கதையில் இது இருமடங்கு கேடு. எது ஆசிரியர் வேண்டுமென்றே சிதைத்தது, எது இயந்திரம் சிதைத்தது என்று வாசகருக்குத் தெரியாது.

சில ஆண்டுகளுக்கு முன் நான் இணையத்தில் வாங்கிய ஓ. ஹென்றி தொகுப்பு ஒன்றில் ‘ரெட் சீஃப்’ கதையின் கடைசிப் பக்கமே இல்லை. பையனைத் தந்தை எவ்வளவு நேரம் பிடித்துவைத்திருக்க முடியும் என்று பில் கேட்பதும், பத்து நிமிடம் என்று விடை வருவதும், அந்தப் பத்து நிமிடத்துக்குள் கனடா எல்லையை நோக்கி ஓடிவிடுவேன் என்று பில் சொல்வதும் அந்தப் பக்கத்தில்தான் உள்ளன. அதை முதன்முறையாகப் படிக்கும் ஒருவருக்கு அந்தப் புத்தகத்தைப் பரிசளித்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று எண்ணி எனக்கு உண்மையாகவே வருத்தம் ஏற்பட்டது.

உரிமைப் பக்கத்தைப் பாருங்கள். எந்த ஆண்டின் எந்தப் பதிப்பிலிருந்து எடுத்தது என்ற வரி இல்லையென்றால் தயங்குங்கள். மாதிரிப் பக்கம் கிடைத்தால் உரையாடல் நிறைந்த பக்கத்தைப் படித்துப் பாருங்கள்.

குறிப்புரை சிரிப்பைக் கெடுத்துவிடாதா?

நகைச்சுவையை விளக்கும் குறிப்பு கெடுக்கும். பின்னணியைச் சொல்லும் குறிப்பு காக்கும். ட்வெய்னின் கதையில் தவளைக்கு டேனியல் வெப்ஸ்டர் என்றும், சண்டை நாய்க்கு ஆண்ட்ரூ ஜாக்சன் என்றும் பெயர். முன்னவர் பேச்சாற்றலுக்குப் பேர்போன செனட்டர், பின்னவர் குடியரசுத் தலைவராக இருந்தவர் என்று ஒரு வரி சொன்னால் போதும்.

ஓ. ஹென்றியின் ‘தி கிஃப்ட் ஆஃப் தி மேஜாய்’ கதையில் டெல்லாவிடம் இருப்பது ஒரு டாலர் 87 சென்ட். அதில் 60 சென்ட் ஒற்றைச் சென்ட் காசுகள். மீதி 127 சென்டை ஐந்து, பத்து, இருபத்தைந்து சென்ட் நாணயங்களால் அமைக்க முடியாது. எனவே ஆசிரியர் கணக்கில் தவறிவிட்டார் என்று சிலர் சொல்வதுண்டு. இரண்டு சென்ட் நாணயம் 1873 வரையும் மூன்று சென்ட் நாணயம் 1889 வரையும் அமெரிக்காவில் அச்சிடப்பட்டன என்ற குறிப்பு இருந்தால் அந்த ஐயம் தீரும்.

இனத்தை இழிவுபடுத்தும் சொற்கள் உள்ள கதைகளை அப்படியே அச்சிடலாமா?

அப்படியே அச்சிட வேண்டும் என்பதே என் நிலைப்பாடு. ஆனால் முன்னுரை இல்லாமல் அச்சிடக் கூடாது. ஜெசப்பின் தொகுப்பிலேயே கறுப்பின மக்களைக் கேலிக்குரியவர்களாக மட்டும் காட்டும் பகுதிகள் உண்டு. அவற்றைப் படிக்கும்போது எனக்குச் சிரிப்பு வருவதில்லை. 2011இல் வந்த, ட்வெய்னின் ‘ஹக்கிள்பெரி ஃபின்’ நாவலின் பதிப்பு ஒன்று இழிசொல்லுக்குப் பதிலாக ‘அடிமை’ என்ற சொல்லை நூல் முழுவதும் மாற்றிப் போட்டபோது பெரும் விவாதம் எழுந்தது. மாற்றியவரின் நோக்கம் நல்லது: பள்ளிகளில் அந்நூல் படிக்கப்பட வேண்டும் என்பது. எனினும், ஒரு சமூகம் எதைக் கேட்டுச் சிரித்தது என்பதும் வரலாறுதான். அதை அழித்துவிட்டால் அன்று அவமதிக்கப்பட்டவர்களின் துயருக்குச் சான்று இல்லாமல் போய்விடும். குழந்தைகளுக்கான தொகுப்பு என்றால் அத்தகைய கதையைச் சேர்க்காமல் விடலாம்.

பெண் எழுத்தாளர்கள் இத்துறையில் இல்லையா?

இருந்தார்கள்; மறுபதிப்புகளில்தான் குறைந்துபோனார்கள். பிரான்சஸ் விட்சர் எழுதிய விதவை பெடாட் ஆக்கங்கள் அவர் இறந்தபின் 1855இல் நூலாகிப் பரவலாக வாசிக்கப்பட்டன. மாரியெட்டா ஹாலி சமந்தா என்ற கிராமத்துப் பெண்ணின் வாயிலாகப் பெண்களின் வாக்குரிமையை வாதாடினார். எலைசா லெஸ்லியின் ‘தி வாட்கின்சன் ஈவ்னிங்’ (1846) ஜெசப்பின் தொகுப்பில் இருக்கிறது: சிறப்பான ஒரு விருந்தை விட்டுவிட்டு, கடுஞ்சிக்கனமும் சலிப்பும் நிறைந்த வீட்டில் மாலையைக் கழிக்க நேர்ந்த ஒரு தாயையும் பிள்ளைகளையும் பற்றியது. உறவினர் வீட்டில் எழுந்து போகவும் முடியாமல் உட்காரவும் முடியாமல் தவித்த எவருக்கும் அக்கதை உடனே பிடித்துவிடும்.

தமிழில் மொழிபெயர்ப்பதில் எது மிகக் கடினம்?

சிலேடையை மொழிபெயர்க்க முடியாது. ஆலிவர் வெண்டல் ஹோம்ஸ், சிலேடைக்காரர்களுக்கான காப்பகம் ஒன்றைக் கற்பனை செய்து எழுதிய கதையைத் தமிழாக்குவது காளமேகத்தின் வெண்பாக்களை ஆங்கிலமாக்குவது போன்றது. நான் முயலவே இல்லை.

அடுத்த கடினம் பேச்சுக் குரல். தவளைக் கதையின் பிரெஞ்சு மொழிபெயர்ப்பு 1872இல் பாரிஸ் இதழ் ஒன்றில் வந்தது. அதில் சிரிப்பே இல்லை என்று கண்ட ட்வெய்ன், அந்தப் பிரெஞ்சு வாசகத்தைச் சொல்லுக்குச் சொல் மீண்டும் ஆங்கிலமாக்கி, மூன்றையும் ஒன்றாக 1875ஆம் ஆண்டுத் தொகுப்பில் வெளியிட்டார். மொழிபெயர்க்க விரும்புகிறவர் அந்த மூன்றையும் ஒருமுறை படிப்பது நல்லது. பொருள் பெரும்பாலும் கடந்து வந்துவிடுகிறது. வீலர் மட்டும் வரவில்லை.

நான் வீலரின் பேச்சுக்குக் குறிப்பிட்ட ஒரு மாவட்டத்தின் வட்டார வழக்கைக் கொடுக்கவில்லை. கொடுத்தால் வாசகர் கலிபோர்னியாவை விட்டு அந்த மாவட்டத்துக்குப் போய்விடுவார். பொதுவான பேச்சுத் தமிழை, அவசரமில்லாத நீண்ட வாக்கியங்களில் அமைத்தேன். மிகவும் சோதித்தது, ஸ்மைலியோடு தவளைப் பந்தயம் கட்டும் அயலூர்க்காரன் சொல்லும் ஒரு வாக்கியம். தவளையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, மற்றத் தவளைகளைவிட இதில் மேலாக ஒன்றும் தெரியவில்லை என்கிறான். ஸ்மைலி அவனுக்காக வேறொரு தவளை பிடிக்கப் போன நேரத்தில், காடை சுடும் ஈயக் குண்டுகளை டேனியல் வெப்ஸ்டரின் வாயில் திணித்து நிரப்புகிறான். பந்தயத்தில் வென்று 40 டாலரை எடுத்துக்கொண்டு புறப்படும்போது அதே வாக்கியத்தை எழுத்து மாறாமல் மறுபடியும் சொல்கிறான். கூறியது கூறல் என்று கருதி இரண்டாவதைச் சிறிது மாற்றிப் போட்ட என் முதல் வரைவில் கதை சப்பென்று இருந்தது. இப்போது இரண்டு இடத்திலும் “மத்தத் தவளைக்கு இல்லாத என்ன விசேசம் இதுக்கு இருக்குன்னு எனக்குத் தெரியலையே” என்றே விட்டிருக்கிறேன்.